பாதிப் படத்துக்கு முழுத் தீர்ப்பா?

நம் குழுவின் ஞாயிற்றுக்கிழமைத் திரையிடலில் நடந்தது இங்கே பலருக்கும் தெரியும். மறுபடி விவரிக்கப் போவதில்லை. நான் சிபாரிசு செய்த 'ஸ்பிரிங் பிரேக்கர்ஸ்' படத்தைப் பாதியில் நிறுத்தச் சொல்லிவிட்டு, "பெண்களைக் கெடுக்கிற படம்" என்று குழுவில் பக்கம் பக்கமாக எழுதுகிறீர்களே, அதற்குத்தான் இந்தப் பதிவு.

பாதியைப் பார்த்துவிட்டு முழுப் படத்துக்கும் தீர்ப்பு சொல்லாதீர்கள். நான் கேட்பது அவ்வளவுதான்.

ஹார்மனி கொரின் இயக்கி 2012இல் வெனிஸ் திரைப்பட விழாவில் திரையிடப்பட்ட படம். விடுமுறைக்கு ஃப்ளோரிடா கடற்கரைக்குப் போக நான்கு கல்லூரிப் பெண்களுக்குக் காசு போதவில்லை. அவர்களில் மூவர் தண்ணீர்த் துப்பாக்கியும் சுத்தியலுமாக ஒரு சிக்கன் கடையைக் கொள்ளையடிக்கிறார்கள். கேமரா கடைக்குள் போகாது. காரை ஓட்டுகிற பெண்ணோடு கடையைச் சுற்றி வரும். காரில் பாட்டு, ஜன்னலில் கொள்ளை; விளையாட்டு மாதிரித்தான் இருக்கும். அப்புறம் அதையே உள்ளிருந்து காட்டும்போதுதான் சாப்பிட வந்தவர்களின் பயம் தெரியும். இதையா ரசித்தோம் என்று கூசிப்போகும். படம் முழுக்க இப்படித்தான்: முதலில் ஆசை காட்டும், பிறகு விலையைச் சொல்லும். நீங்கள் ஆசையை மட்டும் பார்த்துவிட்டு விளக்கைப் போட்டுவிட்டீர்கள்.

செலீனா கோமஸ் நடித்த ஃபெய்த், பாட்டிக்கு ஃபோன் செய்து இந்த இடம் எவ்வளவு நல்ல இடம் என்கிறாள். திரையில் குடியும் கூத்தும். எனக்கு விடுதி வராண்டாவில் இருந்த ஒரு ரூபாய் ஃபோன் ஞாபகம் வந்தது. என் அறைத்தோழி ரிசீவரைக் கையால் பொத்திக்கொண்டு, "சாப்பிட்டேன்மா, படிக்கிறேன்மா" என்பாள். அவள் யாரோடு எங்கே போய் வருகிறாள் என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும். வெளியே சொன்னால் "கெட்டுப்போனவள்" என்று முத்திரை குத்திவிடுவார்கள் என்று வாயை மூடிக்கொண்டோம். அவள் படிப்பை முடிக்கவே இல்லை. ஏன் போனாள், எது இழுத்தது என்று அன்று ஒருவரும் கேட்கவில்லை. இந்தப் படம் கேட்கிறது.

கேமரா அவர்கள் உடம்பையே மேய்கிறது என்கிறீர்கள். மேய்கிறதுதான். அதே காட்சி, அதே வசனம் திரும்பத் திரும்ப வந்து அலுத்துப்போகும்வரை மேய்கிறது. அலுப்பு வருவதற்குள் எழுந்து போனவர்களுக்கு அது எப்படிப் புரியும்? கைதான பெண்களை ஏலியன் என்கிற போதைப்பொருள் வியாபாரி (ஜேம்ஸ் ஃபிராங்கோ) ஜாமீனில் எடுத்த பிறகு ஃபெய்த் அழுதுகொண்டே பஸ் ஏறுகிறாள். இன்னொருத்தி கையில் குண்டு வாங்கி ஊர் திரும்புகிறாள். இதில் எதையும் நீங்கள் பார்க்கவில்லை.

முடிவில் கறுப்பின ஆண்கள் வரிசையாகச் சுடப்படுவதை ஒரு தம்பி உள்பெட்டியில் கேட்டிருந்தார். நியாயமான கேள்வி, எனக்கும் உறுத்தல் உண்டு. தனியாகப் பேசலாம். ஆனால் ஞாயிறன்று சண்டை முழுக்க பிகினியைப் பற்றித்தான்.

18 வயது நிறைந்தவர்களுக்கு மட்டும் என்று அறிவித்துத்தான் போட்டோம். அப்படியும் எல்லோர் முன்னாலும், "பொம்பளப் புள்ளைய வச்சிருக்கீங்க, இதை எப்படிச் சிபாரிசு பண்ணினீங்க?" என்று கேட்டார்கள். அதே அறையில் ஆண்கள் வெட்டிச் சாய்க்கிற படங்களை எத்தனையோ போட்டிருக்கிறோம். பையனைப் பெற்ற ஒருவரிடமாவது யாராவது இப்படிக் கேட்டதுண்டா? என் மகள் அன்று பக்கத்து நாற்காலியில்தான் இருந்தாள். அவளுக்கு இருபத்தொரு வயது. வீட்டுக்கு வந்தும் அவள் சாப்பிடவில்லை.

படம் பிடிக்கவில்லை என்றால் முழுதாகப் பார்த்துவிட்டுத் திட்டுங்கள், உட்கார்ந்து கேட்கிறேன். என் மகளை இழுத்துக் கேட்ட கேள்வியை மட்டும், கேட்டவர் அதே குழுவில் திரும்பப் பெற வேண்டும். அதுவரை எந்தப் படத்தையும் அறிமுகப்படுத்த நான் வரமாட்டேன்.