கீ தப்பு என்றால் உடனே ஒத்தக்கடைக்குப் பஸ் ஏறலாமா?

நேற்று நத்தம் ரோட்டில், கலைஞர் நூற்றாண்டு நூலக வாசலில் நாலு தம்பிகள் நின்று பேசிக்கொண்டிருந்தார்கள். எழுதிய போட்டித் தேர்வுக்கு வந்திருக்கிற கீயில் (விடைக்குறிப்பில்) மூன்று கேள்விக்கு விடை தப்பாம். "ஆளுக்கு ஆயிரம் போட்டு ஒத்தக்கடை ஹைகோர்ட்ல ரிட் போட்ருவோம்ணே" என்றான் ஒருவன். சிரிப்பு வந்தாலும் சிரிக்க முடியவில்லை. ஏழு வருஷத்துக்கு முன்னால் நானும் இதே பேச்சைப் பேசியவன்தான்.

அப்போது எழுதிய ஒரு தேர்வில் (எது என்று கேட்காதீர்கள்) ஒரு வரலாற்றுக் கேள்வி. பழைய பாடநூலில் ஓர் ஆண்டு, புதுப் பாடநூலில் வேறோர் ஆண்டு. இரண்டுமே ஆப்ஷனில் இருந்தன. நான் புதுசை ஷேட் பண்ணினேன், கீயில் பழசு. சிம்மக்கல் நூலகத்தில் தேடி இரண்டு பக்கத்தையும் ஜெராக்ஸ் எடுத்து, சிவப்பு மையில் கோடு போட்டு அப்ஜெக்‌ஷன் அனுப்பினேன். இறுதிக் கீயிலும் அதே விடை. ஏன் என்று ஒரு வரி கிடையாது. கட்-ஆஃபுக்கு ஒரே ஒரு கேள்வி குறைவு.

ஜெராக்ஸோடு ஒத்தக்கடைக்குப் போனேன். ஜன்னலில் யானைமலை தெரியும் சின்ன அறை. வக்கீல் இரண்டு தாளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். "தம்பி, கீ தப்புன்னு காட்ட நான் அரை மணி நேரம் வாதாடணும்னா கேஸ் நிக்காது. பக்கத்தைப் பார்த்ததுமே ஜட்ஜுக்குத் தெரியணும். உன் கையிலயே ஒரு புத்தகம் உன் கட்சி, இன்னொண்ணு அவங்க கட்சி."

அப்போது வயிற்றெரிச்சல். அப்புறம் படித்தபோதுதான் தெரிந்தது, உச்ச நீதிமன்றம் 1983-இல் கான்பூர் பல்கலைக்கழக வழக்கிலும், 2017 டிசம்பரில் ரண் விஜய் சிங் வழக்கிலும் சொன்னதைத்தான் அவர் டீ குடித்துக்கொண்டே சொல்லியிருக்கிறார் என்று. கீ சரி என்றே வைத்துக்கொள்ள வேண்டும், தப்பு என்பது பளிச்சென்று தெரிந்தால் மட்டுமே தலையிடலாம், சந்தேகம் இருந்தால் அதன் பலன் தேர்வு நடத்தியவருக்கு.

இன்றைக்கு அது சரி என்றே படுகிறது. 2018-இல் நம் ஹைகோர்ட் மதுரைக் கிளை, நீட் தமிழ் வினாத்தாளில் 49 கேள்விகளின் மொழிபெயர்ப்பு பிழை என்று, தமிழில் எழுதியவர்களுக்கு 196 மதிப்பெண் தரச் சொன்னது. ஊரே கொண்டாடியது, நானும்தான். அந்த நவம்பரிலேயே உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. பிழை பிழைதான். ஐயம் வந்தால் ஆங்கிலமே இறுதி என்ற விதியும் எரிச்சலூட்டும் விதிதான். ஆனால் விடை தெரிந்தவருக்கும் தெரியாதவருக்கும் ஒரே அளவில் அள்ளிக் கொடுத்தால் பந்தியில் கடைசி ஆளுக்கு என்ன மிஞ்சும்?

இன்னொரு பக்கம், ஸ்டே, அதாவது வழக்கு முடியும் வரை கோர்ட் போடும் தடை. என் நண்பன் ஒருவன் பட்டியலில் பெயர் வந்தும், யாரோ போட்ட வழக்கால் பதினான்கு மாதம் மேலூரில் மாமா கடையில் கல்லாவில் உட்கார்ந்திருந்தான்.

கோர்ட் தயங்கவே கூடாத இடமும் உண்டு. 2019 டி.என்.பி.எஸ்.சி. குரூப் 4-இல் ராமேஸ்வரம், கீழக்கரை மையங்களில் மறையும் மையால் எழுதவைத்து அப்புறம் விடையை மாற்றிய கூத்து, 99 பேருக்கு வாழ்நாள் தடை வரை போனது நினைவிருக்கும். அதே போல, தேர்வு தொடங்கிய பிறகு விதியை மாற்றுவது. நடுவில் மாற்ற விதியிலேயே இடம் இருந்தாலொழியக் கூடாது என்று 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தெளிவாகவே சொல்லிவிட்டது.

என் சண்டை வேறு. நீதிபதி பாட நிபுணர் இல்லை, அதனால் நிபுணர் குழுவை நம்புகிறார், சரி. அந்தக் குழு என்ன சொன்னது என்பது எழுதினவனுக்கு ஏன் தெரியக் கூடாது? இறுதிக் கீயோடு, ஆட்சேபம் வந்த ஒவ்வொரு கேள்விக்கும் எந்தப் புத்தகம், எந்தப் பக்கம், ஏன் மாற்றவில்லை என்று இரண்டு வரி போட்டால் போதும். எனக்கு அந்த இரண்டு வரி கிடைத்திருந்தால் திட்டிக்கொண்டே அடுத்த தேர்வுக்குப் படிக்கப் போயிருப்பேன். காரணத்தைத் தெரிந்துகொள்ளவே ரிட் போட வேண்டியிருப்பதுதான் கொடுமை.

தம்பிகளிடம் போனை வாங்கிப் பார்த்தேன். மூன்றில் ஒன்றுக்குத்தான் பாடநூல் பக்கம் இருந்தது. அப்ஜெக்‌ஷனுக்கு இன்னும் இரண்டு நாள் இருந்ததால் அதை மட்டும் அனுப்பச் சொன்னேன். மற்ற இரண்டும் டெலிகிராம் குரூப்பில் யாரோ ஒரு அண்ணன் சொன்னதாம்.