பாப்பா பதில் சொல்லட்டும், இருங்க

காசிமேட்டில் எங்கள் கீழ்வீட்டுப் பெண் மீன் ஏலத்துக்கு விடியுமுன்னே கிளம்பிவிடும். மூணு வயசுப் பாப்பா ஆயா பக்கத்தில் போனோடு உட்கார்ந்திருக்கும். நேற்று நானும் கூட உட்கார்ந்து பார்த்தேன். திரையில் ஒரு பலூன். "இது என்ன கலர்?" என்றது ஒரு கீச்சுக்குரல். பாப்பா வாயைத் திறந்து "ம..." என்பதற்குள் "மஞ்சள்!" என்று அதுவே கத்தி, அதுவே கைதட்டி, அடுத்த பலூனுக்குப் போய்விட்டது. பாப்பா வாயை மூடிக்கொண்டது.

அந்தத் தாயைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. ஏலம் யாருக்காகவும் நிற்காது. எனக்கு ஆத்திரம் அந்தக் கீச்சுக்குரல் மேல்தான்.

1952ல் அமெரிக்காவின் சிகாகோவில் ஒரு டீச்சரம்மா டிவியில் இதற்கு நேர்மாறாகச் செய்தார். பிரான்சஸ் ஹார்விச். கல்லூரியில் கல்வித்துறைத் தலைவர், முனைவர் பட்டம் வாங்கியவர், வயது 45. ஆட்டமும் கிடையாது, பாட்டுக் கச்சேரியும் கிடையாது. 'டிங் டாங் ஸ்கூல்' என்று நிகழ்ச்சிக்குப் பெயர். கையில் ஒரு பள்ளிக்கூட மணி. அதை ஆட்டித்தான் ஆரம்பிப்பார். கேமராவைக் குழந்தையின் கண் உயரத்துக்கு இறக்கி வைத்தார்கள். அவர் ஒரு கேள்வி கேட்பார். அப்புறம் சும்மா இருப்பார். வீட்டில் இருக்கிற குழந்தை யோசித்துப் பதில் சொல்ல நேரம் விடுவார். காசு கொட்டி நடத்துகிற டிவியில் சும்மா இருப்பது லேசா?

ஸ்டூடியோவில் ஒரு குழந்தைகூடக் கிடையாது. இதுதான் எனக்குப் பெரிய விஷயம். சென்னைத் தொலைக்காட்சி 1975ல் வந்தது. எங்கள் தெருவில் டிவி இருந்த ஒரே வீட்டுத் தரையில் நெருக்கியடித்து உட்கார்ந்து பார்ப்போம். திரையில் நல்ல சட்டை போட்ட பிள்ளைகள் பாடும், மாமியும் அவர்களோடுதான் பேசுவார். நாங்கள் வேடிக்கை பார்த்தோம், அவ்வளவுதான். பிரான்சஸ் தரையில் உட்கார்ந்த பிள்ளையோடு பேசினார்.

அவர் ஒன்றும் தேவதை இல்லை. விளம்பரமும் படித்தார், திட்டும் வாங்கினார். ஆனால் பொம்மைத் துப்பாக்கி மாதிரி வந்த, சின்னக் குண்டு சுடுகிற பிபி துப்பாக்கி விளம்பரத்தை முடியாது என்று சொல்லிவிட்டார். 1956 இறுதியில் அதை ஒளிபரப்பிய என்பிசி டிவி நிறுவனம் நிகழ்ச்சியை நிறுத்தியது.

நான் பால்வாடியில் இருபது வருஷம் இருந்தவள். ஒருநாள் மீன் படத்தைக் காட்டி "இது என்ன?" என்றேன். மீன் என்று சொன்னால் போதும். ஒரு பையன் பேசவே இல்லை. வெளியே எண்ணூர் ரோட்டில் ரெண்டு கன்டெய்னர் லாரி போய்விட்டது. சொல்லிக் கொடுத்துவிடலாமென்று நாக்கு நுனி வரை வந்துவிட்டது, பொறுத்துக்கொண்டேன்.

"வஞ்சிரமா பாறையான்னு தெர்ல டீச்சர். வால ஒழுங்கா வரையல."