மடை மாற்ற நினைவூட்டும் கடிகாரம்

ஜாவாஸ்கிரிப்ட் மொழியில் நிரல் எழுதக்கூடிய பேங்கிள்.ஜேஎஸ் 2 என்ற திறன் கடிகாரத்தில் நாமே செயலி எழுதலாம் என்ற கட்டுரைக்கு நன்றி. அதில் வராத ஒரு விஷயத்தைச் சொல்கிறேன்.

பாலக்கோடு பக்கம் எங்கள் தக்காளித் தோட்டத்தில் அப்பாவுக்கு மடை மாற்றும், அதாவது தண்ணீரை அடுத்த பாத்திக்குத் திருப்பும் நேரம் அடிக்கடி தவறிவிடும். அதனால் 40 நிமிடத்துக்கு ஒருமுறை கையில் அதிரும் செயலி ஒன்றை எழுதினேன். முதலில், குறித்த இடைவெளியில் ஒரு வேலையைத் திரும்பத் திரும்பச் செய்யவைக்கும் செட்இன்டர்வெல் (setInterval) கட்டளையைப் போட்டிருந்தேன். செயலியை விட்டு நேரம் பார்க்கப் போனாலே அது நின்றுவிடும்! ஏனென்றால் இந்தக் கடிகாரத்தில் ஒரு செயலியை மூடினால் அதன் நிரல் நினைவகத்திலிருந்தே போய்விடும். அப்புறம், செயலி மூடியிருந்தாலும் குறித்த நேரத்தில் அலாரம் தரும் ‘ஷெட்’ (sched) என்ற நிரல் நூலகத்துக்கு மாற்றினேன், அன்றிலிருந்து தவறவே இல்லை. புதிதாக எழுதுபவர்கள் முதலிலேயே அதைப் பயன்படுத்துங்கள்.

கடிகாரத்துக்குள் தமிழ் எழுத்துரு இல்லை. ‘மடை’ என்ற சொல்லைச் சிறு படமாக மாற்றித்தான் திரையில் வைத்தேன். திரை 176x176 புள்ளிதான், ஆனால் உச்சிவெயிலில் பளிச்சென்று தெரிகிறது. வெயிலில் நிற்பவர்களுக்கு அதுதானே முக்கியம்?

நிரலை ஏற்ற குரோம் உலாவியும் புளூடூத்தும் போதும், கம்பி தேவையில்லை. அடுத்த கட்டுரையில் ஷெட் நூலகத்தை விரிவாக எழுதுங்கள், எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும்.