'ப்ரெத்லெஸ்' 16 மி.மீ. கேமராவில் எடுத்த படமா?

ஒரு வாட்ஸ்அப் செய்தி சுற்றுகிறது: "கேமரா பிடித்தே பழகாத ரவுல் குத்தார், 16 மி.மீ. கேமராவில் நேரடி ஒலிப்பதிவோடு கோதாரின் 'ப்ரெத்லெஸ்' படத்தை எடுத்தார். அதற்கு ஆஸ்கரும் வாங்கினார்." இதில் ஒளிப்பதிவாளர் குத்தாரின் பெயரும் பிரெஞ்சு இயக்குநர் கோதாரின் பெயரும் மட்டுமே சரி.

1924இல் பாரிஸில் பிறந்த குத்தார், இந்தோசீனாவில் (இன்றைய வியட்நாம், லாவோஸ், கம்போடியா) போர்ப் புகைப்படக்காரராக இருந்தவர். 1959இல் இந்தப் படத்துக்கு வருமுன்பே பிரெஞ்சு இயக்குநர் பியர் ஷோன்டோர்ஃபரின் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்துவிட்டார்.

படம் 35 மி.மீ. அகல ஃபிலிமில் எடுத்ததுதான். கேமரா எக்லேர் கேமிஃப்ளெக்ஸ். கையில் பிடிக்க வசதியானது, ஆனால் ஓடும்போது இரைச்சல் அதிகம். அதனால் வசனம் முழுக்கப் பிறகு டப்பிங்கில் சேர்க்கப்பட்டது.

உண்மையான துணிச்சல் ஃபிலிமில் இருந்தது. வெளிச்சம் குறைந்த காட்சிகளுக்குப் புகைப்படக் கேமராவுக்கான இல்ஃபோர்ட் எச்.பி.எஸ். ஃபிலிம் தேர்வானது. அது 17.5 மீட்டர் சுருள்களாகத்தான் கிடைத்தது, ஒன்றோடொன்று ஒட்டினார்கள். அதன் ஓரத் துளைகள் சினிமா ஃபிலிமின் துளைகள் போல இல்லாததால் எல்லாக் கேமராவிலும் ஓடாது, கேமிஃப்ளெக்ஸில் ஓடியது. லேபில் கூடுதலாக டெவலப் செய்து ஃபிலிமின் வேகத்தை, அதாவது ஒளியை உணரும் திறனை, 800 ஏ.எஸ்.ஏ. (அதை அளக்கும் அலகு) வரை உயர்த்தினார்கள். இவ்வளவு உழைப்பை 'பழக்கமில்லாதவர்' என்று ஒதுக்குவது அநியாயம்.

ஆஸ்கர்? ஒளிப்பதிவுக்காக அவர் வாங்கவே இல்லை. அகாடமியின் இணையத் தரவுத்தளத்தில் பெயரைத் தேடிப் பாருங்கள். மற்றவற்றுக்கு அவரது பேட்டிகளே சான்று.

அந்தச் செய்தி வந்தால் தயவுசெய்து ஃபார்வர்ட் செய்யாதீர்கள். அனுப்பியவருக்கு இதைக் காட்டுங்கள்.