சாப்ளின் எல்லா சீனையும் ஒரே டேக்ல முடிச்சாரா? இல்லைங்க

"சார்லி சாப்ளின் ரீடேக்கே போக மாட்டார், எல்லாமே ஒரே டேக்"னு ஒரு ஃபார்வர்ட் சுத்துது. தப்புங்க, உண்மை நேர் எதிர்.

கெவின் பிரவுன்லோனு ஒரு பிரிட்டிஷ் சினிமா வரலாற்றாளர், ஊமைப் படங்களைக் காப்பாத்துறதுலயே வாழ்க்கைய செலவழிச்ச மனுஷன், 2010ல கௌரவ ஆஸ்கரே குடுத்தாங்க. அவரும் டேவிட் கில்லும் சாப்ளின் ஒதுக்கிப்போட்ட ஃபிலிம் சுருள்களத் தேடிப்பிடிச்சு, சிலேட் நம்பர் (ஒவ்வொரு டேக்குக்கும் கேமரா முன்னாடி காட்டுற பலகைல இருக்குற நம்பர்) பாத்து வரிசையா அடுக்கி, 1983ல 'அன்நோன் சாப்ளின்'னு 3 பகுதி டிவி தொடரா குடுத்தாங்க. அதுல 1917ல வந்த 'தி இமிகிரன்ட்' பத்தி வர்ற இடத்தப் பாருங்க, படத்தோட ஆரம்பத்துல வர்ற கப்பல் சீனே அப்போ யோசனைல இல்ல, ஹோட்டல் சீன்தான் முதல்ல எடுத்திருக்கார், சர்வரா ஹென்றி பெர்க்மன வெச்சு எடுத்துப் பாத்துட்டு அது சரிப்படலன்னு எரிக் கேம்ப்பெல்ல போட்டு மறுபடி எடுத்திருக்கார். கேமராவ ஓடவிட்டே ரிகர்சல் பாத்த ஆளுங்க அவரு! (எனக்கு இதுதான் பெரிய திறமையா படுது.)

டவுட்டுன்னா அந்தத் தொடரையே பாத்து செக் பண்ணிக்கோங்க. அந்த மெசேஜ் வந்தா மேல அனுப்பாதீங்க, அனுப்பினவங்களுக்கும் சொல்லிடுங்க.