1857 சரி, கிளப்தான் தவறு

'உலகின் மிகப் பழைய கால்பந்து கிளப் ஷெஃபீல்ட் யுனைடெட், 1857இல் தொடங்கியது' என்று கிளப் சின்னத்துடன் ஒரு ஃபார்வர்டு வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. ஆண்டு சரி. கிளப் வேறு.

அந்தச் சின்னத்தையே கொஞ்சம் பெரிதாக்கிப் பாருங்கள்: குறுக்காக வைத்த இரண்டு வாள்கள், ஒரு வெள்ளை ரோஜா, கூடவே 1889 என்ற ஆண்டு. யுனைடெட் பிறந்தது அப்போதுதான்.

1857 அக்டோபர் 24 அன்று தொடங்கப்பட்டது ஷெஃபீல்ட் எஃப்.சி. அதே ஊர்தான், ஆனால் தனிக் கிளப். நதானியேல் கிரெஸ்விக்கும் வில்லியம் பிரெஸ்டும் நிறுவியது. இங்கிலாந்து கால்பந்துச் சங்கமே 1863இல்தான் வந்தது. அதற்கு முன்பே, 1858இல், இவர்கள் தங்களுக்கென ஆட்ட விதிகளை எழுதி வைத்துக்கொண்டார்கள். அந்தக் கையெழுத்துப் பிரதி அடங்கிய ஆவணத் தொகுப்பு 2011இல் லண்டனில் 8,81,250 பவுண்டுக்கு ஏலம் போனது. இன்றும் ஷெஃபீல்ட் எஃப்.சி. கீழ்நிலை லீக்கில் ஆடும் அரைத்தொழில்முறை அணிதான். குழப்பத்துக்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம். 2004இல் ஃபிஃபாவின் 'ஆர்டர் ஆஃப் மெரிட்' விருது பெற்ற இரண்டு கிளப்களில் இது ஒன்று, மற்றது ரியல் மாட்ரிட்!

இரண்டு கிளப்களின் இணையதளங்களிலும் வரலாற்றுப் பக்கம் இருக்கிறது, சரிபார்த்துக்கொள்ளலாம். அந்த ஃபார்வர்டை இனி யாருக்கும் அனுப்ப வேண்டாம்.