போலீஸ்காரர்களைத் துரத்திய நாய்

மௌனப்பட நகைச்சுவை என்றாலே நம் பேச்சு சாப்ளினில் தொடங்கி பஸ்டர் கீட்டனில் முடிந்துவிடுகிறது. அவர்கள் மேதைகள் என்பதில் எனக்கு மாற்றுக்கருத்து இல்லை. ஆனால், விழுவதையும் ஓடுவதையும் சினிமாவுக்கே உரிய நகைச்சுவையாக்கிய பெருமை, அவர்களுக்கு முன்பே பிரான்சில் படம் எடுத்தவர்களுக்குத்தான் சேர வேண்டும்.

1895 டிசம்பர் 28 அன்று பாரிஸின் கிராண்ட் கஃபேயில் லூமியேர் சகோதரர்கள் திரையிட்ட படங்களில் ஒன்று, ஒரு நிமிடம்கூட ஓடாத தோட்டக்காரர் படம். பையன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுவிட்டதே என்று தோட்டக்காரர் குழாயின் வாயை உற்றுப் பார்க்கும்போது காலை எடுத்துவிடுகிறான். நான் கவனிக்கச் சொல்வது அடுத்து நடப்பதை. தப்பியோடும் பையனைப் பிடித்தவர், பிடித்த இடத்திலேயே அடிக்காமல், கேமராவுக்கு நேரே இழுத்துவந்துதான் பின்புறத்தில் நாலு வைக்கிறார். கேமரா நகராது என்பதால் அடியும் அதன் முன்னால்தான் விழ வேண்டியிருந்தது.

பன்னிரண்டே ஆண்டுகளில் அந்தக் கட்டு அறுந்தது. 1907இல் பாத்தே நிறுவனத்துக்காக ஃபெர்தினான் செக்கா எடுத்த படத்தில், இறைச்சிக் கடையிலிருந்து தொடைக்கறியைக் கவ்விக்கொண்டு ஓடும் நாயைப் போலீஸ்காரர்கள் கூட்டமாகத் துரத்துகிறார்கள். நாய் செங்குத்தான சுவரில் ஏற, அவர்களும் தொப்பியும் மீசையுமாகப் பின்னாலேயே ஏறுகிறார்கள். சுவரை வரைந்து தரையில் விரித்து, மேலிருந்து படம்பிடித்திருக்கிறார்கள். தவழ்வதுதான் ஏறுவதாகத் தெரிகிறது. தந்திரம் அப்பட்டமாகத் தெரிந்தும் எனக்குச் சிரிப்பு வராமல் இருந்ததில்லை. கடைசியில் நாய் திரும்பி, துரத்தியவர்களையே துரத்துகிறது. போலீஸ்காரர்களை ஓடவிட்டுப் பெயர்பெற்ற அமெரிக்கரான மேக் சென்னட் கீஸ்டோன் நிறுவனத்தைத் தொடங்கியது 1912இல்தான். பாத்தே படங்களிலிருந்தே தன் முதல் யோசனைகளைத் திருடியதாகப் பின்னாளில் அவரே ஒப்புக்கொண்டார்.

பட்டுத் தொப்பிக்காரரான பிரெஞ்சு நகைச்சுவை நடிகர் மாக்ஸ் லிண்டரைச் சாப்ளினே தன் ஆசான் என்று குறிப்பிட்டிருப்பதால் அவருக்கு என் சிபாரிசு தேவையில்லை. எனக்கு அவரைவிடவும் பிடித்தது, கோமோன் நிறுவனத்துக்காக ழான் துராந் எடுத்த, ஒனெசிம் என்ற கோமாளிப் பாத்திரத்தின் படங்கள்தான். 1912இல் வந்த ஒன்றில், இருபது ஆண்டுகள் காத்திருந்தால்தான் சொத்து கைக்கு வரும் என்று தெரிந்ததும், ஒனெசிம் நகரத்தின் நேரத்தையே ஆட்டுவிக்கும் கடிகாரத்தில் கைவைத்துவிடுகிறான். மறுகணம் தெருவில் வண்டிகள் பறக்கின்றன, சுவர் மளமளவென்று எழும்புகிறது, கல்யாணம் முடிந்த கையோடு பிறக்கும் பிள்ளை பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஆளாகிவிடுகிறது. தெருவின் அந்த வேகத்துக்குப் பின்னால் நடந்தது, கேமராவின் கைப்பிடியை வழக்கத்தைவிட மெதுவாகச் சுற்றிப் படம்பிடித்து, வழக்கமான வேகத்தில் திரையிட்டதுதான். பையனைத் தன் முன்னால் இழுத்துவர வைத்த அதே கேமரா, இங்கே தானே குறும்பு செய்கிறது.